வண்ணமில்லாத் திரையில் பிறந்த கவசம்

கருவியின் குறை கலைக்குத் தடையாகுமா, துணையாகுமா என்னும் வினா மிகப் பழையது. எழுத்தாணியால் புள்ளி குத்தினால் ஓலை பொத்துப்போகும் என்றஞ்சி, மெய்யெழுத்தைப் புள்ளியின்றியே எழுதிவந்த வழக்கத்தைத் தமிழாசிரியர் நன்கறிவர். எழுதுபொருளின் மென்மை எழுத்தின் வடிவையே மாற்றிவிட்டது. அத்தகைய மாற்றம் ஒன்று இருபதாம் நூற்றாண்டின் இறுதியில், கலையென்று மதித்துப் பேசப் பலரும் தயங்குகின்ற ஒரு துறையில் நிகழ்ந்தது. வீடியோ விளையாட்டு என்பதே அத்துறை. நிகழ்ந்த இடம், ஜப்பானிய நிறுவனமாகிய நிண்டெண்டோ 1991 நவம்பரில் அமெரிக்காவிலும், 1992 ஜனவரியில் ஜப்பானிலும் வெளியிட்ட ‘மெட்ராய்டு 2: சாமஸின் மீள்வரவு’ என்னும் கையடக்க ஆட்டம்.

இவ்வாட்டத்தை அதன் தொடரிலேயே இளைத்த பிள்ளையாகக் கருதுவோர் பலர். வண்ணம் இல்லை, நிலப்படம் இல்லை, இசை என்று சொல்லத்தக்க இசையும் பல இடங்களில் இல்லை. ஆயினும், இத்தொடரின் தலைவி இன்று எந்தக் கவசத்தால் உலகெங்கும் அடையாளம் காணப்படுகிறாளோ அக்கவசமும், அவள் ஏறிச்செல்லும் கலமும், தொடரின் பிற்காலக் கதைகள் அனைத்தையும் இயக்கும் முடிச்சும் இந்த இளைத்த பிள்ளையிடமிருந்தே வந்தன. வந்த வழியை ஆராய்வது பயனுடையது.

முதலாவது ‘மெட்ராய்டு’ 1986 ஆகஸ்ட் 6-ஆம் நாள் ஜப்பானில் வெளிவந்தது. தொலைக்காட்சிப் பெட்டியுடன் இணைத்து ஆடும் ஃபேமிகாம் என்னும் கருவிக்கு உரியது அது. பக்கவாட்டில் காணும் உலகில் ஓர் உருவத்தை நடத்திச் சென்று, படிகளிலும் மேடைகளிலும் தாவி, எதிர்ப்படும் பகையைச் சுட்டு வீழ்த்தும் வகையைச் சேர்ந்தது. அவ்வகை ஆட்டங்களுள் பெரும்பாலானவை இடமிருந்து வலமாக ஒரே நெறியில் ஓடுவன. மெட்ராய்டு அவ்வாறன்று. மேலும் கீழும் முன்னும் பின்னும் கிளைக்கின்ற குகைகளில் அடைபட்ட வாயில் ஒன்றைக் கண்டு திரும்பவேண்டும். வேறோரிடத்தில் புதிய ஆற்றல் பெற்று வந்து அதே வாயிலைத் திறக்கவேண்டும். கவசத்துக்குள் இருந்து போராடிய சாமஸ் ஆரன் ஒரு பெண் என்பதை, ஆட்டத்தை விரைந்து முடித்தவர் இறுதியிலே கண்டு வியந்தனர். அவளுடைய உருவத்தை வரைந்தவர் ஹிரோஜி கியோடாகே.

அவ்வாட்டத்தை ஆக்கியது நிண்டெண்டோவின் முதலாவது ஆய்வு வளர்ச்சிப் பிரிவு. அப்பிரிவின் தலைவர் கும்பெய் யோகொய். 1941-இல் கியோட்டோவில் பிறந்தவர். நிண்டெண்டோ இன்னும் பூச்சீட்டுக் கட்டுகளை அச்சிட்டு விற்றுக்கொண்டிருந்த 1965-இல், அச்சீட்டு எந்திரங்களைப் பழுதுபார்க்கும் பணியில் சேர்ந்தவர். அவருடைய கொள்கை ஒன்று இத்துறையில் பழமொழிபோல் வழங்குகிறது. ‘வாடிய தொழில்நுட்பத்தைப் பக்கவாட்டில் சிந்தித்தல்’ என்று அதைத் தமிழில் பெயர்க்கலாம். வாடியது என்றால் பயனற்றது என்று பொருளன்று. பலகாலம் புழங்கி, விலை தாழ்ந்து, அதன் குற்றங்குறைகளெல்லாம் வெளிப்பட்டுவிட்ட பொருள் என்பதே கருத்து. அத்தகைய பொருளை எவரும் எண்ணாத ஒரு பயனுக்குத் திருப்புவதே திறமை என்றார் அவர். இரயிலில் ஒருவர் கணக்குப் பொறியின் பொத்தான்களை வீணே அழுத்திப் பொழுது போக்கியதைக் கண்டதும், 1980-இல் கையடக்க ஆட்டப் பொறிகளை அவர் படைத்ததும் இக்கொள்கையின் வரலாற்றோடு சேர்த்தே சொல்லப்படும்.

1989 ஏப்ரல் 21-ஆம் நாள் வெளிவந்த கேம் பாய் என்னும் கருவியில் இக்கொள்கை முழுவடிவம் பெற்றது. அதன் திரை 160 புள்ளி அகலமும் 144 புள்ளி உயரமும் உடையது. வண்ணம் கிடையாது, பாசி படிந்தாற்போன்ற பசுமஞ்சள் பரப்பில் நான்கே நான்கு சாயல்கள் தோன்றும். திரைக்குப் பின்னே விளக்கு இல்லாமையால் சாளரத்தருகே அமர்ந்தோ விளக்கடியில் சாய்ந்தோ ஆடவேண்டும். உருவம் விரைந்து நகர்ந்தால் அதன் நிழல் பின்னால் இழுபடும். அதே ஆண்டில் அட்டாரி நிறுவனத்தின் லிங்க்ஸ், அடுத்த ஆண்டில் சேகாவின் கேம் கியர் ஆகிய வண்ணத்திரைக் கருவிகள் போட்டிக்கு வந்தன. அவை ஆறு மின்கலங்களைச் சில மணி நேரத்திலேயே குடித்துத் தீர்த்தன. கேம் பாயோ நான்கு மின்கலங்களில் பத்து மணிக்கு மேலும் ஓடியது. விலையும் குறைவு. பிற்காலத்து வண்ண வடிவையும் சேர்த்து 11 கோடியே 80 இலட்சத்துக்கு மேற்பட்ட கருவிகள் விற்பனையாயின என்பது இப்போட்டியின் முடிவைக் காட்டும்.

வணிக வெற்றி ஒருபுறமிருக்க, தொலைக்காட்சிக்கென்று படைத்த விரிந்த உலகத்தை இச்சிறு திரைக்குள் கொண்டுவருவது எவ்வாறு? ஃபேமிகாமின் படம் 256 புள்ளிக்கு 240 புள்ளி. கேம் பாயின் பரப்பு அதில் எட்டில் மூன்று பங்கே. உருவங்களையெல்லாம் சுருக்கி எறும்புபோல் வரைவது ஒரு வழி. அக்கருவியோடு உடன் வெளிவந்த ‘சூப்பர் மேரியோ லேண்ட்’ ஆட்டத்தில் அதே பிரிவினர் அவ்வழியையே மேற்கொண்டனர். ‘மெட்ராய்டு 2’ ஆட்டத்தை இயக்கிய கியோடாகேயும் ஹிரோயுகி கிமுராவும் எதிர்வழியை மேற்கொண்டனர். சாமஸின் உருவத்தைச் சுருக்காமல், முன்னிலும் நுணுக்கமாக வரைந்தனர். ஆகவே திரையில் அவள் பெரியவளாகவும், அவளைச் சூழ்ந்த வெளி சிறியதாகவும் ஆயிற்று. நான்கு எட்டு வைத்தால் அடுத்து என்ன வருமென்று தெரியாது. தாவும்போது கால் எங்கே படுமென்று காண முடியாது. குறுகிய விளக்கொளியில் சுரங்கத்துக்குள் இறங்குவோரின் நிலை இஃதே. குகையின் இருட்டைத் திரையின் குறுக்கமே ஆக்கித் தந்துவிட்டது.

இனிக் கவசத்தின் கதை. முதல் ஆட்டத்தில் ‘வேரியா’ என்னும் காப்பைப் பெற்றால் சாமஸின் மேனி நிறம் மாறும். அந்நிற மாற்றமே ஆடுவோருக்கு அறிகுறி. வண்ணமே இல்லாத கருவியில் நிறத்தை எங்ஙனம் மாற்றுவது? சாயல் நான்கிலும் பொதுக் கவசத்துக்கும் வேரியாவுக்கும் வேற்றுமை தோன்றச் செய்வது அரிது. ஆதலின் நிறத்தால் காட்ட இயலாததை வடிவால் காட்டினர். வேரியாவை அணிந்ததும் அவள் தோள்கள் இரண்டும் பெரிய உருண்டைகளாகப் புடைத்து நிற்கும். எத்துணை மங்கிய திரையிலும், நிழல் இழுபடும் வேகத்திலும் இவ்வடிவு கண்ணுக்குத் தப்பாது. 1994-இல் வண்ணம் நிறைந்த கருவிக்கு ‘சூப்பர் மெட்ராய்டு’ வந்தபோது, உருண்டைத் தோளுக்குரிய தேவை முற்றும் நீங்கியிருந்தது. ஆனால் தோள் நீங்கவில்லை. அதற்குப்பின் பொம்மையிலும் ஓவியத்திலும் பிற ஆட்டங்களிலும் சாமஸ் என்றாலே அத்தோள் என்றாகிவிட்டது. ஓலையின் காலம் போன பின்னும் ஓலை தந்த வட்டவடிவு எழுத்தில் நிலைத்திருப்பது போன்றதே இது.

சாமஸ் ஏறிவரும் விண்கலமும் இவ்வாட்டத்திலேதான் முதன்முதலாகத் திரையில் தோன்றியது. குந்தியிருந்து சுடுதல், தாவும்போது கீழ்நோக்கிச் சுடுதல், உருண்டையாகச் சுருண்டு சிலந்திபோல் சுவரையும் கூரையையும் பற்றி ஏறுதல் ஆகிய செயல்களும் இங்கே புதியனவாகச் சேர்ந்தன. ஆட்டத்தின் நிலையைச் சேமித்து வைப்பதற்குரிய நிலையங்கள் குகைகளின் இடையிடையே அமைந்தன. பேருந்திலும் பள்ளி இடைவேளையிலும் துண்டு துண்டாக ஆடப்படும் கருவிக்கு இவ்வசதி இன்றியமையாதது.

இசை பற்றிய குறையை மறுப்பதற்கில்லை. ரியோஜி யோஷிடோமி அமைத்த இசையில் முதன்மைக் குகைக்குரிய பண் ஒன்று எழுச்சியுடையது. ஏனைய பல இடங்களில் கீச்சொலியும் துளி விழுவது போன்ற ஒலியும் இடையிடையே நீண்ட அமைதியுமே உண்டு. கேம் பாயின் ஒலி வாயில்கள் நான்கே என்பது ஒரு காரணமாகலாம். ஆனால் அதே நான்கு வாயில்களில் இனிய பண்களை இசைத்த ஆட்டங்கள் பலவாதலின், கருவியின் மீது பழி முழுவதையும் ஏற்றிவிட முடியாது. காதுக்கு இன்பம் தராத இவ்வொலியைக் குறை என்று தள்ளுவோர் ஒன்றை நோக்கவேண்டும். கதை நிகழும் இடம் பகைவனின் கோட்டையன்று. ஓர் உயிரினத்தின் வாழிடம். அங்கே வெற்றி முரசு கேட்பதற்குக் காரணமில்லை.

கதைக்கு வருவோர்க்கு இவ்வாட்டத்தின் உண்மையான கனம் புலப்படும். மெட்ராய்டு என்பது மிதந்து வந்து பிற உயிர்களின் ஆற்றலை உறிஞ்சும் உயிரினம். கடலின் சொறிமீன் போன்ற தோற்றமுடையது. அதன் பிறப்பிடமாகிய எஸ்ஆர்388 என்னும் கோளை ஆராயச் சென்றவர் மீளவில்லை. தேடச் சென்றவரும் மீளவில்லை. படைக்குழுவும் மறைந்தது. அதன்பின் விண்மீன் கூட்டாட்சி சாமஸுக்கு ஆணையிடுகிறது: சென்று அவ்வினத்தை அடியோடு அழித்துவிடு. ஆட்டத்தின் தொடக்கம் இதுவே. திரையின் கீழ் மூலையில் ஓர் எண் நிற்கும்: 39. கொல்லவேண்டிய மெட்ராய்டுகளின் மிச்சக் கணக்கு அது. ஒன்றை வீழ்த்தினால் 38. ஒவ்வொரு பகுதிக்கும் உரிய தொகை முடிந்ததும் நிலம் குலுங்கும்; வழியை மறித்திருந்த நச்சு நீர்மம் வடியும்; இன்னும் ஆழத்துக்கு இறங்கலாம். கொலைதான் வாயிலைத் திறக்கும் சாவி.

ஏனைய ஆட்டங்களிலும் பகை உண்டு, சாவு உண்டு, கணக்கும் உண்டு. ஆனால் அங்கே கணக்கு ஏறும், புள்ளி பெருகும். இங்கே எண் இறங்குகிறது. முடிவில் சுழியை அடையும்போது ஓரினமே இல்லையாகிவிடும் என்பதைத் திரையின் மூலை இடைவிடாது நினைவூட்டிக்கொண்டிருக்கிறது. போதாக்குறைக்கு, அவ்வுயிர்கள் வளர்ச்சி உடையனவாகவும் காட்டப்படுகின்றன. குஞ்சு, பின் ஆல்ஃபா, காமா, சீட்டா, ஒமேகா எனக் கிரேக்க எழுத்துகளால் பெயர்பெற்ற பருவங்கள், இறுதியில் முட்டையிடும் அரசி. உரித்துவிட்ட தோல் சுவரோரத்தில் கிடக்கும். சட்டையுரித்துச் சென்ற பாம்பு எங்கேயோ அருகில் இருக்கிறது என்னும் அச்சம் ஆடுவோருக்கு உண்டாகும். அதே வேளையில், இங்கே வாழ்க்கை ஒன்று நடந்துகொண்டிருந்தது என்பதற்கும் அத்தோலே சான்று.

அரசியின் கூட்டை நெருங்கும்போது மிச்சக் கணக்கு ஒன்றாகிவிடும். ஒன்றுதானே என்று நிமிர்ந்தவரின் கண்முன், புதிதாய்ப் பொரிந்த குஞ்சுகள் தோன்ற, எண் திடீரென்று ஒன்பதாக ஏறும். அவ்வெட்டுக் குஞ்சுகளையும் பனிக்கதிரால் உறையச் செய்து ஏவுகணையால் உடைத்தபின் அரசியோடு போர். அரசி வீழ்ந்தபின் அறையைக் கடந்து சென்றால் ஒரே ஒரு முட்டை மிஞ்சியிருக்கிறது. சாமஸ் அருகில் நிற்க, அது பொரிகிறது. குஞ்சு அவளைத் தாக்கவில்லை. முட்டையிலிருந்து வந்ததும் முதலில் கண்ட உருவைத் தாயென்று கொள்ளும் வாத்துக் குஞ்சைப்போல் அவளையே சுற்றிவருகிறது. மேலே கலத்துக்குச் செல்லும் வழியைப் படிகப் பாறைகள் அடைத்திருக்கின்றன. அவற்றைத் தின்று வழிவிடுவது அக்குஞ்சே. அவ்வழி நெடுகப் பகை ஏதும் இல்லை. இசை மென்மையாகிறது. வானத்தில் விண்மீன்கள் தெரிகின்றன. ஆட்டம் முடிகிறது.

இப்பகுதி முழுவதிலும் ஒரு சொல்கூடத் திரையில் வருவதில்லை. ஆதலின், சாமஸின் நெஞ்சில் இரக்கம் சுரந்தது, கழிவிரக்கம் தோன்றியது என்றெல்லாம் விரித்துரைப்பது, மூலத்தில் இல்லாததை உரையாசிரியர் ஏற்றிச் சொல்வதாகவே முடியும். கொல்வதா விடுவதா என்னும் தேர்வும் ஆடுவோருக்கு அளிக்கப்படவில்லை. குஞ்சைக் கொல்ல ஆட்டத்தில் வழியே இல்லை. திரையில் இருப்பது இவ்வளவே: அதுவரை ஒவ்வோர் உயிரையும் எண்ணிக் கொன்றவள், எண்ணுக்குள் அடங்காத ஓர் உயிரின் துணையோடு மேலேறுகிறாள். இவ்வளவும் போதுமானதாக இருந்தது. பெரிய கருவிகளில் நெடுநேரம் பேசும் கதைமாந்தர் பலர் இதில் பாதியையும் உணர்த்தியதில்லை.

இம்முடிவு தொடரைக் கட்டிப்போட்டது. ‘சூப்பர் மெட்ராய்டு’ தொடங்குவதே அக்குஞ்சை ஆராய்ச்சி நிலையத்தில் ஒப்படைத்த செய்தியோடுதான். பகைவர் அதைக் கவர்ந்து செல்கின்றனர். அதைத் தேடியே சாமஸ் மீண்டும் புறப்படுகிறாள். இறுதிப் போரில் அவள் வீழும் நிலையில், வளர்ந்துவிட்ட அக்குஞ்சு தன் உயிரைக் கொடுத்து அவளைக் காக்கிறது. 2002-இல் யோஷியோ சகமோட்டோவின் இயக்கத்தில் கேம் பாய் அட்வான்ஸ் கருவிக்கு வந்த ‘மெட்ராய்டு ஃபியூஷன்’ இன்னும் கடுமையான விளைவைக் காட்டுகிறது. எஸ்ஆர்388 கோளில் எக்ஸ் என்னும் ஒட்டுண்ணி இருந்ததாம். அதை உண்டு அடக்கி வைத்திருந்த உயிரினமே மெட்ராய்டு. மெட்ராய்டு அழிந்ததும் எக்ஸ் பல்கிப் பெருகி, சாமஸின் உடலிலேயே புகுந்துவிடுகிறது. அவளைப் பிழைக்கச் செய்தது இறந்த குஞ்சின் உயிரணுவிலிருந்து செய்த மருந்து. கூட்டாட்சியின் ஆணை அறிவற்ற ஆணை என்பதைப் பதினொரு ஆண்டுகள் கழித்து அதே தொடர் ஒப்புக்கொண்டது. 2021 அக்டோபரில் வந்த ‘மெட்ராய்டு டிரெட்’ அம்மருந்தின் விளைவைப் பின்தொடர்ந்து, வேட்டையாடியவளையே மெட்ராய்டாக மாற்றிவிட்டது.

யோகொய் இவ்வளர்ச்சியைக் காணவில்லை. 1995-இல் அவர் படைத்த வர்ச்சுவல் பாய் என்னும் செந்நிறத்திரைக் கருவி தோல்வியுற்றது. 1996-இல் நிண்டெண்டோவை விட்டு விலகினார். 1997 அக்டோபர் 4-ஆம் நாள் சாலை விபத்தில் மாண்டார்.

மூல ஆட்டத்தின் கதி என்னாயிற்று? இங்கேதான் வழக்கு எழுகிறது. நிலப்படமின்மை, ஒரே மாதிரியான சுவர்கள், குறுகிய பார்வை ஆகியவற்றால் பிற்காலத்தார் அதை ஆட இயலாதது என்று ஒதுக்கினர். அர்ஜென்டினா நாட்டு ஆர்வலர் ஒருவர் ஏறத்தாழப் பத்தாண்டு உழைத்து அதை வண்ணத்திலும் நிலப்படத்துடனும் மீண்டும் படைத்தார். தொடரின் முப்பதாம் ஆண்டு நிறைவு நாளாகிய 2016 ஆகஸ்ட் 6-ஆம் நாள் அதை விலையின்றி வெளியிட்டார். சில நாட்களுக்குள் நிண்டெண்டோ பதிப்புரிமைச் சட்டத்தின்கீழ் அறிவிப்பு அனுப்பி, அது வழங்கப்பட்ட இடங்களிலிருந்து நீக்கச் செய்தது. அடுத்த ஆண்டு செப்டம்பரில், ஸ்பெயின் நாட்டு மெர்குரிஸ்டீம் நிறுவனத்தின் துணையோடு நிண்டெண்டோவே தன் புதுவடிவை 3டிஎஸ் கருவிக்கு வெளியிட்டது.

சட்டப்படி உரிமை நிறுவனத்தினுடையது, அதில் ஐயமில்லை. ஆனால் கால் நூற்றாண்டுக் காலம் புதுக்காமல் விடப்பட்ட ஒரு படைப்பை, பொருள் நாடாமல் எடுத்துத் துடைத்தவரின் உழைப்பு நாட்கணக்கில் விலக்கப்பட்டது பலருக்கு வருத்தம் தந்ததில் வியப்பில்லை. சுவடி ஒன்று வீட்டாரின் பரணில் கிடக்க, படியெடுத்தவனைக் குற்றவாளி என்பது போன்ற நிலை என்று அவர்கள் முறையிட்டனர். சுவடியாசிரியன் இறந்து நூற்றாண்டுகள் ஆயின, இங்கோ உரியவர் உயிரோடு தொழில் நடத்துகின்றனர் என்பது மறுதரப்பு. இரண்டிலும் உண்மை உண்டு.

புதுவடிவு திறமையானதே. நிலப்படம் உண்டு; எத்திசையிலும் குறிவைக்கலாம்; பாய்ந்துவரும் பகையைத் தட்டித் திருப்பும் புதிய போர்முறையும் உண்டு. ஆனால் முடிவில் கை வைத்துவிட்டனர். குஞ்சோடு அமைதியாக மேலேறிய வழியில் இப்போது பகைகள் நிரம்பியுள்ளன. கலத்தை அடைந்ததும் ரிட்லி என்னும் பழைய பகைவனோடு ஆரவாரமான பெரும்போர் வேறு. வலிமை மிகுந்த கருவிக்கு அமைதி பொறுக்கவில்லை போலும்! மூலத்தில் பதினைந்து நிமிடமும் ஆகாத அந்த வெறுமைதான் முன்னே செய்த கொலைகளையெல்லாம் எண்ணிப் பார்க்க இடந்தந்தது. அவ்விடத்தை நிரப்பியவர்கள் எதை எடுத்துவிட்டோம் என்று கண்டதாகத் தெரியவில்லை.

பழைய பேழைகளில் ஆட்ட நிலையைச் சேமித்து வைத்திருப்பது நாணய வடிவிலான சிறு மின்கலம். அது தீர்ந்துவிட்டால் முன்னர் ஆடியவரின் பதிவுகள் அழிந்துபோகும்; புதிய கலத்தைப் பற்றவைத்தால் ஆட்டம் மீளும், பதிவு மீளாது. 3டிஎஸ் கருவிக்கு விற்கப்பட்ட மூலத்தின் மின்பதிப்பும், அக்கருவிக்குரிய கடை 2023 மார்ச்சில் மூடப்பட்டதோடு விற்பனை நின்றது. எனினும் அதே ஆண்டு பிப்ரவரியில், சந்தா செலுத்துவோர்க்குரிய பழைய ஆட்டத் தொகுப்பில் ஸ்விட்ச் கருவிக்கு மூலவடிவு மாற்றமின்றி மீண்டும் வந்துவிட்டது. அங்கே திரையின் சாயலைத் தேர்ந்துகொள்ளவும் வசதி உண்டு. வெண்கருமையைத் தேரலாம், பிற்கால வண்ணக் கருவி பூசிய நிறங்களைத் தேரலாம், 1989-இன் பாசிப் பசுமையையும் தேரலாம். எதைத் தேர்ந்தாலும் தோள்கள் உருண்டையாகவே தெரியும்.